வடக்கே ஒலித்த முரசு

இம்மாதம் எழுத எடுத்துக்கொண்ட பொருளுக்கு நம் சங்கக் காரியக் குழுவில் சென்ற திங்கள் நிகழ்ந்த ஒரு வாக்குவாதமே காரணம். ஆண்டு விழாவன்று சிறுவர் சிறுமியர்க்காகப் பழைய படம் ஒன்றைத் திரையிடுவதென்று முடிவாயிற்று. படம் "சந்திரலேகா" என்பதிலும் யாருக்கும் கருத்து வேற்றுமை இல்லை. ஆனால் எந்தச் சந்திரலேகா என்ற கேள்வி எழுந்தவுடன் கூட்டம் இரண்டாகப் பிளந்தது. தமிழ்ச் சங்கம் தமிழ்ப் படத்தைத்தான் காட்ட வேண்டும் என்றார் ஒரு பெரியவர். பிள்ளைகளுக்குப் புரியாத மொழியில் மூன்று மணி நேரம் உட்கார வைத்தால் அவர்கள் மறு ஆண்டு விழாவுக்கே வரமாட்டார்கள், ஆகவே இந்திப் படமே தகும் என்றார் இளைய உறுப்பினர் ஒருவர். இரவு ஒன்பதரை மணிவரை பேசியும் முடிவு காணாமல் கலைந்தோம்.

அடியேன் அன்று தமிழ்ப் படத்தின் பக்கம் கை தூக்கினேன். அதற்குரிய காரணத்தையும், பின்னர் என் மனத்தில் நேர்ந்த சிறு தடுமாற்றத்தையும் இறுதியில் சொல்லுகிறேன். அதற்குமுன், ஒரே கதையை இரண்டு மொழியில் எடுத்து நமக்கு இச்சண்டையைத் தேடி வைத்த மனிதரைப் பற்றிச் சில சொற்கள்.

எஸ்.எஸ். வாசன் 1904-ஆம் ஆண்டு தஞ்சை மாவட்டத்துத் திருத்துறைப்பூண்டியில் பிறந்தவர். இளம் பிராயத்திலேயே தந்தையை இழந்தார். கைம்பெண்ணான தாயார் மகனை அழைத்துக்கொண்டு சென்னைக்கு வந்து, வறுமையோடு போராடி ஆளாக்கினார். கல்லூரியில் கால் வைத்தும் பட்டம் பெறும்வரை நிற்க இயலவில்லை. பிழைப்புக்காக விளம்பரம் சேகரித்துப் பத்திரிகைகளுக்குக் கொடுக்கும் தொழிலையும், தபால் மூலம் சாமான் விற்கும் வியாபாரத்தையும் மேற்கொண்டார். ஊரை விட்டு வந்த குடும்பம், தகப்பனில்லாப் பிள்ளை, முடிவுறாத படிப்பு, கிடைத்த வேலை. நம்மில் பலர் வீட்டுக் கதையும் இதுதான். தந்தையார் பணியிலிருக்கையிலேயே காலமானபடியால் மெட்ரிக் தேறிய கையோடு பார்சல் ஆபீசில் வந்து உட்கார்ந்த எனக்கு, வாசன் வாழ்வின் இப்பகுதியை எத்தனை முறை படித்தாலும் அலுப்பதில்லை.

அவர் விளம்பரம் கொடுத்துவந்த பத்திரிகைகளுள் ஒன்று "ஆனந்த விகடன்". பூதூர் வைத்தியநாதய்யர் 1926-இல் தொடங்கிய மாத இதழ் அது. ஒரு சமயம் இதழ் வெளிவராமல் நின்றுபோயிற்று. ஏனென்று விசாரிக்கப் போன வாசன், பத்திரிகையையே 1928-இல் விலைக்கு வாங்கிக்கொண்டு திரும்பினார். விலை இருநூறு ரூபாய் என்பர். பெயரிலுள்ள எட்டு எழுத்துகளுக்கு எழுத்துக்கு இருபத்தைந்து ரூபாய் வீதம் கணக்கிட்டதாக ஒரு வேடிக்கைக் கதையும் வழங்குகிறது. கதை மெய்யோ பொய்யோ, கணக்கு மட்டும் சரியாக இருக்கிறது.

பின்னர் "கல்கி" ரா. கிருஷ்ணமூர்த்தியை ஆசிரியராக அமர்த்தினார். பத்திரிகை தமிழ் நாட்டின் வீடுகளுக்குள் புகுந்தது. நகைச்சுவையும் தொடர்கதையும் கேலிச் சித்திரமும் ஒருபுறம். குறுக்கெழுத்துப் போட்டியும் அதற்கான பரிசும் மற்றொருபுறம். இப்போட்டியை முகம் சுளித்துப் பேசியோரும் உண்டு. ஆனால் எட்டணாச் சரக்கைத் தபாலில் விற்றுப் பழகியவர்க்கு, தூரத்து ஊரில் இருக்கும் முகம் தெரியாத மனிதனின் ஆசை என்ன என்பது தெளிவாகத் தெரிந்திருந்தது. இந்த ஓர் அறிவைத்தான் வாசன் ஆயுள் முழுதும் வெவ்வேறு கடைகளில் வைத்து விற்றார் என்பது என் தாழ்மையான அபிப்பிராயம்.

சினிமாவுக்கும் அவர் பத்திரிகை வழியாகவே வந்தார். விகடனில் அவரே எழுதிய "சதி லீலாவதி" என்ற தொடர்கதையை 1936-இல் எல்லிஸ் ஆர். டங்கன் என்னும் அமெரிக்கர் படமாக்கினார். எம்.கே. ராதா கதாநாயகர். சிறு வேடங்களில் தோன்றிய புதுமுகங்களுள் எம்.ஜி. ராமச்சந்திரனும், என்.எஸ். கிருஷ்ணனும், டி.எஸ். பாலையாவும் இருந்தனர். அப்படத்தின் கதை வேறொரு நாடகத்திலிருந்து களவாடப்பட்டது என்று வழக்கு வந்தது. வாசன் சாட்சிக் கூண்டில் ஏறி, தம் கதைக்கும் அந்த நாடகத்துக்கும் மூலம் ஸ்ரீமதி ஹென்றி உட் எழுதிய "டேன்ஸ்பரி ஹவுஸ்" என்னும் ஆங்கில நாவலே என்று ஒப்புக்கொண்டார். இருவர் சரக்கும் சொந்தச் சரக்கல்ல என்று ஆனபின் வழக்கு நிற்குமா? தள்ளுபடியாயிற்று. எழுத்தாளன் என்ற பெருமையை விட்டுக்கொடுத்துப் படத்தைக் காப்பாற்றிக்கொண்ட சாமர்த்தியத்தைக் கவனியுங்கள்.

அடுத்து விநியோகத் தொழிலில் இறங்கினார். கே. சுப்பிரமணியம் எடுத்த "தியாக பூமி" 1939-இல் வெளியானபோது, கல்கியின் அக்கதை விகடனில் படத்தின் காட்சிகளோடு தொடராக வந்துகொண்டிருந்தது. வாசகன் பத்திரிகையைப் பிரித்தால் படத்துக்கு ஆசை. படத்தைப் பார்த்தால் பத்திரிகைக்கு ஆசை. சுப்பிரமணியத்தின் ஸ்டூடியோ தீவிபத்துக்கு இரையாகிப் பின் ஏலத்துக்கு வந்தது. வாசன் அதனை ஏலத்தில் எடுத்தார். 1941 முதல் அது ஜெமினி ஸ்டூடியோ என்ற பெயரோடு விளங்கிற்று. குழல் ஊதும் இரட்டைக் குழந்தைகளின் முத்திரையை நம் பெற்றோர் தலைமுறையில் அறியாதார் இல்லை.

முதல் சில ஆண்டுகளை விரைந்து கடப்போம். தண்டபாணி தேசிகர் நடித்த "நந்தனார்", தெலுங்கில் "பாலநாகம்மா", வசுந்தரா தேவியும் ரஞ்சனும் தோன்றிய "மங்கம்மா சபதம்" என்று 1942, 1943-ஆம் ஆண்டுகளில் வந்த படங்கள் ஜெமினியை நிலைநிறுத்தின. பக்திப் படம் ஒரு கையில், மாயாஜாலம் ஒரு கையில், சபதம் செய்து அரசனைப் பழிவாங்கும் பெண்ணின் கதை மற்றொன்றில். ஒரே மனிதர் இத்தனை சுவையையும் எவ்வாறு விரும்பினார் என்று கேட்பது வீண். அவர் விரும்பியது சுவையை அன்று, சுவைப்பவர்களை.

இனிச் "சந்திரலேகா"வுக்கு வருவோம். இங்கே நேயர்கள் சற்று நிதானமாக என்னுடன் உட்கார வேண்டும்.

"மங்கம்மா சபதம்" பெற்ற வெற்றிக்குப்பின் வாசன் தம் அடுத்த படத்தின் பெயர் "சந்திரலேகா" என்று விளம்பரம் செய்துவிட்டார். அப்போது கையில் கதையே இல்லை! வீரமும் துணிவும் உள்ள ஒரு பெண் என்ற எண்ணம் மட்டும் இருந்தது. ஜெமினியின் கதை இலாகாவினர் மாதக்கணக்கில் மண்டையை உடைத்துக்கொண்டபின், வேப்பத்தூர் கிட்டு என்பார் ரெயினால்ட்ஸ் எழுதிய ஆங்கில நாவல் ஒன்றின் தொடக்கக் காட்சியில் ஒரு பிடி கண்டார். அதிலிருந்து வளர்ந்தது கதை. அரசுக்காகப் போரிடும் இரண்டு இளவரசர்கள். அவர்கள் இருவரும் விரும்பும் நாட்டியப் பெண். நடுவில் ஒரு சர்க்கஸ். இந்தச் சர்க்கஸ் தொடக்கத்தில் கதையிலேயே இல்லை. பாதி வழியில் வாசனுக்குத் தோன்றிய யோசனை அது. தோன்றியவுடன் மெய்யான சர்க்கஸ் கம்பெனிகளே வந்து இறங்கின. யானைகளும் சிங்கங்களும் கழைக்கூத்தாடிகளும் படத்திற்குள் புகுந்தனர்.

உலகப் போர் நடந்துகொண்டிருந்த காலம். படச்சுருளுக்கு 1943 முதல் கட்டுப்பாடு. எடுத்த காட்சியை வேண்டாமென்று எறிந்து மீண்டும் எடுப்பது செல்வந்தரும் செய்யத் தயங்கும் செயல். வாசனோ செட்டுகளைக் கட்டினார், இடித்தார், மறுபடி கட்டினார். டைரக்டராயிருந்த டி.ஜி. ராகவாச்சாரி பாதிக்குமேல் எடுத்துவிட்ட நிலையில் முதலாளியோடு மனவேற்றுமை கொண்டு விலகினார். அதுவரை ஒரு படத்தையும் டைரக்ட் செய்தறியாத வாசன் தாமே அந்த நாற்காலியில் அமர்ந்தார். கதாநாயகி டி.ஆர். ராஜகுமாரி, மூத்த இளவரசர் எம்.கே. ராதா, கொடிய தம்பியாக ரஞ்சன், நகைச்சுவைக்கு என்.எஸ். கிருஷ்ணனும் மதுரமும். ஆண்டுகள் ஐந்து உருண்டன. செலவு முப்பது இலட்சம் ரூபாய் என்று கணக்குச் சொல்லுகிறார்கள். அக்காலத்து முப்பது இலட்சம்! சொத்துகள் அடகுக்குப் போயின. நண்பரிடம் கடன் வாங்கப்பட்டது. படம் தோற்றிருந்தால் ஸ்டூடியோவும் பத்திரிகையும் வீடும் ஒருங்கே போயிருக்கும்.

தாமே பந்தயக் குதிரைகள் வைத்திருந்தவர் வாசன். ஆனால் இதைக் குதிரைப் பந்தயத்தோடு ஒப்பிடுவது பொருந்தாது. பந்தயத்தில் தோற்றால் கையிலிருந்த பணத்தோடு போகும். இங்கே பின்னால் நூற்றுக்கணக்கான சிப்பந்திகளின் அடுப்பு எரிந்துகொண்டிருந்தது.

முரசு நடனக் காட்சியைக் காணாதவர்க்கு ஒரு வார்த்தை. கொடியவனை மணக்க இசைவதாகச் சந்திரலேகா நடிக்கிறாள். திருமணத்தை முன்னிட்டுத் தன் விருப்பப்படி ஒரு முரசு நடனம் நடக்க வேண்டும் என்று கேட்கிறாள். அரண்மனை முற்றத்தில் வரிசை வரிசையாக மாபெரும் முரசுகள் வந்து நிற்கின்றன. அவற்றின்மேல் நூற்றுக்கணக்கான நங்கையர் ஒரே அடவில் ஆடுகின்றனர். காமிரா மேலே ஏறுகிறது, அருகே வருகிறது, விலகுகிறது. ஆட்டம் உச்சத்தை எட்டும் வேளையில் முரசுகளின் தோல் திறக்க, உள்ளே ஒளிந்திருந்த வீரர்கள் வாளோடு வெளியே பாய்கின்றனர். அக்காட்சியின் அரங்க அமைப்பு ஏ.கே. சேகருடையது; ஒளிப்பதிவு கமால் கோஷ். கே. ராம்நாத் அதற்காகத் தீட்டிய திட்டங்களைப் பற்றியும் அறிந்தோர் எழுதியிருக்கின்றனர். அவரும் படம் முடியுமுன் ஜெமினியை விட்டுப் பிரிந்தார். வாசன் என்ற ஒரு பெயருக்குப் பின்னால் இத்தனை கைகள் உண்டு என்பதைச் சொல்லாமல் விடுவது நியாயமாகாது.

1948 ஏப்ரல் 9 அன்று தமிழ்ச் சந்திரலேகா வெளியாயிற்று. மக்கள் திரண்டனர், பத்திரிகைகள் புகழ்ந்தன. ஆயினும் முப்பது இலட்சத்தைத் தமிழ்நாட்டுக் கொட்டகைகள் மட்டும் திருப்பித் தர இயலுமா? நம் சங்கப் பொருளாளர் சந்தாக் கணக்கைக் கூட்டிப் பார்த்துவிட்டுப் பெருமூச்சு விடுவதை நாம் காண்கிறோமே, வாசனும் அப்படித்தான் பெருமூச்சு விட்டிருப்பார். எவ்வளவு நிறைந்தாலும் பாத்திரத்தின் அளவுக்குமேல் தண்ணீர் நிற்காது. பாத்திரத்தைப் பெரிதாக்க வேண்டும்.

அப்போதுதான் இந்திப் பதிப்பு என்ற எண்ணம் உருவாயிற்று. விநியோகஸ்தர் தாராசந்த் பர்ஜாத்யா அதற்குத் தூண்டுகோலாய் இருந்தவர். வாசன் தமிழ்ப் படத்துக்கு இந்திப் பேச்சை ஒட்டவைத்து அனுப்பிவிடவில்லை. வடநாட்டு எழுத்தாளர்களைக் கொண்டு வசனமும் பாட்டும் புதிதாக எழுதச் செய்தார். பல காட்சிகளை மறுபடியும் எடுத்தார். அங்குள்ளோர்க்கு ஏற்ற நகைச்சுவை நடிகரைச் சேர்த்தார். ஆனால் ராஜகுமாரியும் ராதாவும் ரஞ்சனும் மாறவில்லை. சர்க்கஸும் மாறவில்லை. முரசும் மாறவில்லை. 1948 டிசம்பர் 24 அன்று வெளியான அப்படத்துக்காக அவர் செய்த விளம்பரத்தைப் போல் வடநாட்டார் அதற்குமுன் கண்டதில்லை. முழுப் பக்கச் செய்தித்தாள் விளம்பரங்கள், சுவரெங்கும் வண்ணத் தாள்கள், நூற்றுக்கணக்கில் படப் பிரதிகள்.

இங்கே என் தொழில் சம்பந்தமாக ஒன்று. அந்நாளில் படப்பெட்டிகள் யாவும் ரயிலில்தான் போய் வந்தன. தகரப் பெட்டிக்குள் சுருள்கள். சுருளோ எளிதில் தீப்பற்றும் நைட்ரேட்டினால் ஆனது. பார்சல் ஆபீசில் அதனைத் தனியே வைத்துப் பாதுகாப்பார்கள். பெட்டி வரும் வண்டி தாமதமானால் கொட்டகைக்காரர் பிளாட்பாரத்தில் நின்று தவிப்பார் என்று எங்கள் ஆபீசில் மூத்தோர் தாங்கள் கேட்ட கதையாகச் சொல்வார்கள். என் பாட்டனாரும் பார்சல் ஆபீஸ் குமாஸ்தாதான். ஜி.ஐ.பி. ரயில்வேயில், நாகபுரியில். சந்திரலேகாவின் பெட்டி அவர் கை வழியே போயிற்று என்று எங்கள் வீட்டில் ஓர் ஐதிகம் உண்டு. இன்று படங்கள் பெட்டியில் வருவதில்லை. வானத்து வழியாக வருகின்றன என்று சொல்லுகிறார்கள். எங்களுக்கு இப்போது அதிகம் வருவது மோட்டார் சைக்கிளும் ஆரஞ்சுக் கூடையும்.

இந்திச் சந்திரலேகா வென்றது. வட இந்தியா முழுதும் ஓடிய முதல் சென்னைப் படம் அதுவே என்று திரையுலக வரலாறு எழுதியோர் பலரும் குறிக்கின்றனர். அதன்பின் வாசனுக்கு வடக்கே ஒரு நிரந்தரப் பாதை ஏற்பட்டது. "அபூர்வ சகோதரர்கள்" 1949-இல் "நிஷான்" ஆயிற்று. "மங்கம்மா சபதம்" பானுமதி நடிக்க "மங்களா" ஆயிற்று. 1955-இல் "இன்சானியத்". திலீப் குமாரும் தேவ் ஆனந்தும் சேர்ந்து நடித்த ஒரே படம் அது. கூடவே ஜிப்பி என்ற அமெரிக்கக் குரங்கும் நடித்தது. இரண்டு மாபெரும் நடிகர்கள் கிடைத்தும் மனிதர் குரங்கை விடவில்லை பாருங்கள்! 1959-இல் ஆலைத் தொழிலாளர் வாழ்வைச் சொன்ன "பைகாம்". அதே கதை 1960-இல் சிவாஜி கணேசன் நடிக்க "இரும்புத் திரை". 1961-இல் குடும்பக் கதையான "கரானா".

தமிழில் 1953-இல் அவர் தயாரித்த "ஔவையார்" தனி ரகம். கொத்தமங்கலம் சுப்புவின் டைரக்ஷனில் கே.பி. சுந்தராம்பாள் ஔவையாக வந்தார். கோட்டையை யானைக் கூட்டம் இடிக்கும் காட்சி பெரும் பேச்சாயிற்று. ஔவையின் எளிமைக்கும் இவ்வளவு யானைகளுக்கும் என்ன பொருத்தம் என்று எனக்குத் தோன்றுவதுண்டு. ஆனால் சுந்தராம்பாளின் குரல் எழும்போது யானைகள் சிறுத்துப்போய்விடுகின்றன. 1958-இல் வந்த "வஞ்சிக்கோட்டை வாலிபன்" படத்தில் பத்மினியும் வைஜயந்திமாலாவும் ஆடிய போட்டி நடனத்தைப் பற்றி நான் எழுதத் தேவையில்லை. நம் சங்கத்துப் பெண்மணிகள் ஆண்டுதோறும் அதனை மேடையேற்றிக்கொண்டுதான் இருக்கிறார்கள்.

வாசனிடத்தில் குறையே இல்லையா என்றால், உண்டு. கதைக்கு அந்நிய நாவலை நம்பியிருந்தது ஒன்று. பிரமாண்டம் என்னும் நோயைத் தமிழ்ப் படத்துக்குக் கொண்டுவந்து ஒட்டியவர் அவர் என்ற குற்றச்சாட்டு மற்றொன்று. அதில் ஓரளவு உண்மை இருப்பதாகவே நானும் கருதுகிறேன். ஆர்.கே. நாராயணின் கதையை வைத்து 1947-இல் அவர் தயாரித்த "மிஸ் மாலினி" நகர வாழ்வின் போலித்தனத்தைச் சிரிக்கச் சிரிக்கச் சொன்ன படம் என்று பார்த்தோர் எழுதி வைத்திருக்கின்றனர். சுப்பு அதில் சம்பத் என்னும் புரட்டனாக நடித்தார். அறிஞர் மெச்சினர், கூட்டம் வரவில்லை. 1952-இல் மோதிலாலை வைத்து இந்தியில் "மிஸ்டர் சம்பத்" என்று அதனையே மீண்டும் முயன்றார். அந்த வழியிலேயே அவர் இன்னும் நாலு படம் எடுத்திருக்கலாகாதா என்ற ஏக்கம் எனக்கு உண்டு. "மிஸ் மாலினி" இப்போது காணவும் கிடைப்பதில்லை. யானைகள் பிழைத்துவிட்டன, நகைச்சுவை தொலைந்துவிட்டது.

முதலாளியாக அவர் எப்படி என்பதை அறிய விரும்புவோர் எழுத்தாளர் அசோகமித்திரன் எழுதியவற்றைப் படிக்க வேண்டும். 1952 முதல் 1966 வரை ஜெமினியில் வேலை பார்த்தவர் அவர். செய்தித்தாள்களில் வரும் துணுக்குகளைக் கத்தரித்துக் கோப்பில் ஒட்டி வைப்பது அவர் பணிகளுள் ஒன்று. அறைக்குள் உட்கார்ந்து தாளைக் கிழித்துக்கொண்டிருக்கும் அவரைப் பார்த்தவர்கள், வேலையற்றவர் என்று எண்ணி வந்து உபதேசம் செய்துவிட்டுப் போவார்களாம். குமாஸ்தாவின் நிலை எவ்விடத்தும் ஒன்றே! ஒப்பனை இலாகாவில் வங்காளியும் மராட்டியரும் கன்னடியரும் ஆந்திரரும் தமிழரும் ஒன்றாக வேலை செய்ததையும் அவர் குறும்போடு வரைந்திருக்கிறார். தேசிய ஒருமைப்பாட்டைப் பற்றி அரசாங்கம் பேசத் தொடங்குமுன்பே அது அங்கே முகத்தில் பூசப்பட்டுக்கொண்டிருந்தது. ஆர். கணேஷ் என்ற இளைஞர் அந்த ஸ்டூடியோவில் வேலைக்குச் சேர்ந்து, பின்னர் அதன் பெயரையே தம் பெயருக்கு முன் சூட்டிக்கொண்டு ஜெமினி கணேசன் ஆனதும் யாவரும் அறிந்ததே.

வாசன் 1964-இல் ராஜ்ய சபை உறுப்பினரானார். 1968-இல் ஜெமினி வெளியிட்ட "ஒளி விளக்கு" எம்.ஜி.ஆரின் நூறாவது படம். முதற் படத்துக்குக் கதை தந்தவரே நூறாவது படத்துக்குப் படமுதலாளி. மறு ஆண்டு பத்மபூஷண் விருது வந்தது. அவ்வாண்டே ஆகஸ்டு 26-இல் காலமானார். ஜெமினி ஸ்டூடியோ அவருக்குப்பின் நெடுநாள் தாக்குப்பிடிக்கவில்லை; அவ்விடத்தில் வேறு கட்டடங்கள் எழுந்துவிட்டன. அருகே 1973-இல் கட்டப்பட்ட மேம்பாலத்துக்கு அரசு இட்ட பெயர் அண்ணா மேம்பாலம். சென்னைவாசியைக் கேட்டால் ஜெமினி மேம்பாலம் என்றே வழி சொல்லுவார்.

இனி என் தடுமாற்றத்துக்கு வருகிறேன்.

என் பாட்டியார் மன்னார்குடிப் பக்கத்தவர். 1949-ஆம் ஆண்டுத் தொடக்கத்தில், பதினாறு வயதில், மணமாகி நாகபுரிக்கு வந்தார். ரயில்வே குவார்ட்டர்ஸில் பக்கத்து வீட்டார் மராட்டியர். பாட்டிக்கோ தமிழ் தவிர ஒரு சொல்லும் வராது. குழாயடியில் நின்றால் கண்ணீர் வரும் என்று பின்னாளில் சொல்லுவார். பாட்டனார் அவரை இந்திச் சந்திரலேகாவுக்கு அழைத்துச் சென்றார். ஊரில் தமிழில் பார்த்த அதே படம்! அதே ராஜகுமாரி, ஆனால் வாயைத் திறந்தால் இந்தி. அது அவருடைய சொந்தக் குரலோ இரவல் குரலோ, பாட்டி அதையெல்லாம் அறியார். "நம்ம ஊர்ப் பெண்ணே பேசுகிறாள், எனக்கென்ன வந்தது என்று தோன்றிற்று" என்பார். கொட்டகையில் விற்ற பாட்டுப் புத்தகத்தை வாங்கி வந்து, படிக்கத் தெரியாத அதனைப் பக்கத்து வீட்டு அம்மாளிடம் கொண்டுபோய்க் கொடுத்தார். அந்த அம்மாள் ஒவ்வொரு வரியாகப் படித்துக் காட்டினாள். அப்படி எழுத்தும் வந்தது, பேச்சும் வந்தது, அறுபது ஆண்டுக் காலச் சிநேகிதமும் வந்தது.

அதே பாட்டியார் தம் இறுதி ஆண்டில் இந்தியை முற்றும் மறந்துபோனார். மராட்டியும் போயிற்று. மன்னார்குடித் தமிழ் மட்டும் நின்றது. என் மகள் அப்போது ஆறு வயதுச் சிறுமி. கட்டிலருகே போய் உட்காருவாள். பூட்டி கையைப் பிடித்துக்கொண்டு ஏதோ கதை சொல்லுவார். குழந்தை என்னைத் திரும்பிப் பார்த்து, "அப்பா, பூட்டி க்யா போல் ரஹீ ஹை?" என்று கேட்பாள். நான் மொழிபெயர்ப்பேன். பாதிக் கதைக்குள் பாட்டி உறங்கிவிடுவார். கூட்டத்தில் நான் தமிழ்ப் படத்துக்குக் கை தூக்கியதற்கு அக்கேள்வியே காரணம்.

கூட்டம் முடிந்து வீடு வந்தபின், வாசனைப் பற்றி எழுதக் குறிப்புத் தேடிப் பாட்டியின் டிரங்குப் பெட்டியைத் திறந்தேன். அந்த இந்திப் பாட்டுப் புத்தகம், அட்டை இழந்து, ஒவ்வொரு வரிக்கும் மேலே பென்சிலால் தமிழ் எழுத்தில் உச்சரிப்பு எழுதப்பட்டு, புடைவைகளுக்கு அடியில் இருந்தது. நெடுநேரம் கையில் வைத்துக்கொண்டிருந்தேன். இந்திப் படம் வேண்டுமென்ற இளைஞரை அன்று நான் சற்றுக் கடுமையாகப் பேசிவிட்டேன். அது தவறு என்று இங்கே ஒப்புக்கொள்கிறேன். அவர் கேட்டது பிள்ளைகள் மண்டபத்தை விட்டு ஓடாதிருக்க ஒரு வழி. பாட்டனார் பாட்டியைக் கொட்டகைக்கு அழைத்துப் போனதும் அதே நோக்கத்தோடுதான்.

ஆகவே மறு கூட்டத்தில் ஒரு யோசனையை வைத்தேன். படம் தமிழ்ப் படமாகவே இருக்கட்டும். ஆனால் அதற்குமுன் அரை மணி நேரம், கதையைப் பிள்ளைகளுக்கு இந்தியிலேயே சொல்லிவிடுவோம். யார் சசாங்கன், யார் வீரசிம்மன், முரசுக்குள் இருப்பது யார் என்பதெல்லாம் தெரிந்தபின் அவர்கள் தமிழைக் கேட்கட்டும். முரசு நடனம் வரும்போது பேச்சுக்கு அங்கே வேலையுமில்லை. முரசுக்குள் ஆளிருப்பதை முன்கூட்டியே சொன்னால் சுவை கெட்டுவிடும் என்று பெரியவர் ஆட்சேபித்தார். அது நியாயமான ஆட்சேபம். அதை மட்டும் சொல்லாமல் விடுவதென்று திருத்தம் நிறைவேறிற்று. கதை சொல்லும் பொறுப்பை அந்த இளைய உறுப்பினரே ஏற்றுக்கொண்டிருக்கிறார். முன் வரிசையில் என் மகளுக்கு ஓர் இடம் பிடித்து வைக்கச் சொல்லியிருக்கிறேன்.

நேயர்களுக்கு ஒரு வேண்டுகோள். தமிழ்ச் சந்திரலேகாவின் பாட்டுப் புத்தகம் உங்கள் வீட்டுப் பெட்டிகளில் எங்கேனும் இருந்தால் விழா நாள்வரை சங்கத்துக்கு இரவல் தந்து உதவ வேண்டும். என் பாட்டியின் இந்திப் புத்தகத்தோடு பக்கத்தில் வைத்துக் கண்ணாடிப் பேழையில் காட்ட விரும்புகிறோம். தாள் நொறுங்கும் நிலையிலிருந்தாலும் பாதகமில்லை. கையால் தொடாதபடி பார்த்துக்கொள்கிறோம். பெற்றுக்கொண்டதற்கு ரசீது கொடுக்கப்படும்.